பேரன் பறக்கிற கனவு காண்கிறான், கவலைப்பட வேண்டுமா?

செட்டிநாட்டில், காரைக்குடிக்கு அருகே பள்ளத்தூர்ப் பக்கத்திலிருந்து ஓர் ஆச்சி கேட்டிருக்கிறார்கள். மகள் வயிற்றுப் பேரனுக்கு எட்டு வயது. மகளும் மாப்பிள்ளையும் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறார்கள்; பையன் ஐயாவோடும் ஆயாவோடும், அதாவது அம்மாவைப் பெற்ற தாத்தா பாட்டியோடு, ஊரில் இருக்கிறான். கொஞ்ச நாளாகக் காலையில் எழுந்ததும் "ஆயா, நேத்து ராத்திரி நான் பறந்தேன்" என்கிறானாம். நோட்டில் வரைவதெல்லாம் இறக்கை. மொட்டைமாடிக்குப் போகணும் என்று தினமும் அடம். கூடாது என்றால் "இந்த வீட்டுல எனக்குச் சுதந்திரமே இல்ல" என்று பெரிய மனுஷன் மாதிரி பேசுகிறான். இது ஏதாவது குறையா, டாக்டரிடம் காட்ட வேண்டுமா, இல்லை தண்ணீர் மந்திரித்துக் கொடுக்கலாமா என்பது கேள்வி.

ஆச்சி, கனவை முதலில் எடுத்துக்கொள்கிறேன். அதில் பயப்பட ஒன்றுமே இல்லை. சந்தோஷப்படக்கூடக் காரணம் இருக்கிறது. டேவிட் ஃபௌல்க்ஸ் என்ற அமெரிக்க உளவியலாளர் குழந்தைகளைத் தூக்க ஆய்வுக்கூடத்தில் படுக்கவைத்து, நடுவில் எழுப்பி, "இப்போ என்ன கண்டாய்" என்று கேட்டுக் கேட்டு எழுதினார். அதே பிள்ளைகளை வருஷக்கணக்கில் தொடர்ந்தார். மூன்று முதல் ஐந்து வயதுப் பிள்ளைகள் பெரும்பாலும் எதுவும் சொல்லவில்லை. சொன்னாலும் ஒரு ஆடு நின்றது, ஒரு பறவை இருந்தது, அவ்வளவுதான். கதை கிடையாது, ஓட்டம் கிடையாது, முக்கியமாக அந்தக் கனவில் அந்தப் பிள்ளையே கிடையாது. ஏழு வயதை ஒட்டித்தான் 'நான் போனேன், நான் செய்தேன்' என்று தன் கனவில் தானே நடமாடத் தொடங்குகிறார்கள். உங்கள் பேரனுக்கு எட்டு. கனவில் தானாக ஒன்றைச் செய்கிற ஆளாக இப்போதுதான் ஆகியிருக்கிறான். ஆனதும் அவன் செய்த முதல் காரியங்களில் ஒன்று பறப்பது. எனக்கு அது பிடித்திருக்கிறது.

சரி, ஏன் பறப்பது? பிள்ளைகளுக்கு மட்டுமல்ல, உலகமெங்கும் மனிதர்கள் அடிக்கடி சொல்கிற கனவுகளில் ஒன்று இது. கனவு அதிகம் வருகிற தூக்கத்தில் கண்விழிகள் மூடிய இமைக்குள் ஓடிக்கொண்டிருக்கும், கைகால்கள் கட்டிப்போட்டதுபோல் தளர்ந்து கிடக்கும். சிகாகோ பல்கலைக்கழகத்தில் 1953ல் இந்தத் தூக்கத்தை முதலில் பதிவு செய்தார்கள். அந்த நேரத்தில் மூளை நடக்கிறது, ஓடுகிறது, திரும்புகிறது. ஆனால் கால் தரையில் பட்டதாகச் செய்தி வருவதில்லை. ஓடுகிறோம், தரையைக் காணோம் என்றால் மூளை என்ன முடிவுக்கு வரும்? மிதக்கிறோம் என்றுதான். இது விளக்கங்களில் ஒன்று. ஃப்ராய்டு வேறு ஒன்றும் சொன்னார்: சின்ன வயதில் மாமன்மார் தூக்கிப் போட்டுப் பிடித்ததையும் ஆட்டிவிட்டதையும் உடம்பு மறப்பதில்லை, கனவில் பிடிக்கிற கையை மட்டும் எடுத்துவிடுகிறது என்கிற மாதிரி. அவர் சொன்ன எல்லாவற்றையும் நான் ஏற்பவனில்லை. ஆனால் உங்கள் வீட்டுப் பட்டாலையில் ஊஞ்சல் இருக்கும். ஐயாவும் பேரனைக் கைக்குழந்தையாக இருந்தபோது தூக்கிப் போட்டுப் பிடித்திருப்பார். அந்த விஷயத்தில் ஃப்ராய்டைச் சந்தேகிக்க வேண்டியதில்லை.

அடுத்த முறை "பறந்தேன்" என்று சொன்னால் நீங்கள் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "எங்கேப்பா போனே?" கேட்டுவிட்டுச் சும்மா இருங்கள். இட்லி மாவை வழித்துக்கொண்டே கேட்டால் இன்னும் நல்லது. முகத்துக்கு நேரே உட்கார்ந்து கேட்டால் பிள்ளைகள் நாம் விரும்புகிற பதிலைத் தயார் செய்துவிடுவார்கள். அவன் ஊருணிக்கு மேலே, கோயில் கோபுரத்துக்கு மேலே வட்டமடித்ததாகச் சொன்னால் ஒரு விஷயம். யாரோ துரத்தியதால் பறந்தேன் என்றால் வேறு விஷயம். அம்மா வீட்டுக்குப் போனேன் என்றால் மூன்றாவது விஷயம். மூன்றுக்கும் நீங்கள் செய்ய வேண்டியது வேறு வேறு.

மூன்றாவதைப் பற்றி எனக்கு ஒரு ஊகம் இருக்கிறது, நீங்கள்தான் சரிபார்க்க வேண்டும். நம் பக்கத்துப் பிள்ளைகளுக்குத் தூரம் என்பது குடும்பத்திலேயே இருக்கிற ஒரு ஆள் மாதிரி. உங்கள் ஐயா காலத்தில் ஆண்கள் கொண்டுவிற்க, அதாவது கடல் கடந்து தொழில் செய்ய, போனார்கள். பர்மா, மலேயா, இலங்கை, சைகோன் என்று மூன்று வருஷக் கணக்கு. மீசை முளைக்காத பையன்களைக்கூடக் கடையில் எடுபிடியாக இருந்து தொழில் பழகும் பெட்டியடிப் பையனாக அனுப்பினார்கள். நாகப்பட்டினத்தில் ரஜூலா கப்பல் ஏறினால் பினாங்கு, சிங்கப்பூர். வீட்டில் இருந்த பிள்ளைக்கு அப்பச்சி, அதாவது அப்பா, என்பது கடிதத்தில் வருகிற ஆள். இப்போது கப்பலுக்குப் பதில் திருச்சியில் ராத்திரி விமானம். உங்கள் பேரன் ஏர்போர்ட் கண்ணாடிக்கு இந்தப்பக்கம் நின்று கையாட்டியிருப்பான். அம்மாவை அவனிடமிருந்து எடுத்துக்கொண்டு போனது இறக்கை வைத்த ஒன்று, திரும்பக் கொண்டுவந்து விடுவதும் அதுவே. அவன் இறக்கை வரைவதில் விடுதலை ஆசை பாதி இருக்கலாம். மீதி, அங்கே போய்ச் சேர வேண்டும் என்கிற ஆசையாக இருக்கலாம். அப்படியென்றால் மருந்து எளிது. அடுத்த வருகை எப்போது என்று தேதி தெரிந்தால் காலண்டரில் அவன் கையாலேயே வட்டம் போடவையுங்கள். வீடியோவில் பேசும்போது "நல்லா படிக்கிறியா, சாப்பிட்டியா" என்பதோடு மகள் நிறுத்திவிடாமல், அவன் கனவைக் கேட்கட்டும். பெரியவர்கள் தேதி சொல்லாமல் "சீக்கிரம் வருவாங்க" என்று மழுப்புவதுதான் பிள்ளைகளை அதிகம் அலைக்கழிக்கிறது. வராவிட்டாலும் பரவாயில்லை, 'தீபாவளிக்கு வரமாட்டாங்க, பொங்கலுக்கு வருவாங்க' என்ற உண்மை அவர்களுக்குச் செரிக்கும்.

இனி அந்தச் சுதந்திரப் பேச்சு. சிரித்துவிட்டுப் போய்விடாதீர்கள், அவன் சரியாகத்தான் சொல்கிறான்.

நம் வீடுகளைக் கொஞ்சம் அவன் உயரத்தில் நின்று பாருங்கள். முகப்பு, நடுவில் திறந்த முற்றமுள்ள வளவு, இரண்டாம் கட்டு, அடுப்படி என்று இந்தத் தெருவிலிருந்து அந்தத் தெருவரை நீண்ட வீடு. கட்டியவர்கள் அதில் பிள்ளைகள் கூட்டமாகத் திரிவார்கள் என்று நினைத்துக் கட்டினார்கள். ஒரு காலத்தில் அப்படித்தான் இருந்தது. யார் பிள்ளை எங்கே இருக்கிறது என்று யாரும் எண்ணவில்லை, ஒளிந்து விளையாடினால் கண்டுபிடிக்க முடியாது. இப்போது பங்காளிகளின் அறைகளெல்லாம் பூட்டு. இருக்கிற பிள்ளை ஒன்று, அதைப் பார்த்துக்கொண்டிருக்கிற கண் நான்கு, வேலைக்கு வருகிறவர்களைச் சேர்த்தால் ஆறு. வளவில் நின்று மேலே பார்த்தால் வானம் தெரியும், அதற்கும் குரங்குக்கும் திருடனுக்கும் பயந்து கம்பி போட்டிருப்போம். இவ்வளவு பெரிய வீட்டில் அந்தப் பிள்ளைக்கு யாரும் பார்க்காத ஒரு மூலை இல்லை. பற்றாததற்கு, சாயங்காலம் வெளியே போனால் பிள்ளை பிடிக்கிறவன், ராத்திரி கருப்பர் வேட்டைக்கு வருவார் என்று நாம் வேறு வேலி போடுகிறோம். கருப்பர் பாவம், அவருக்குப் பிள்ளை மிரட்டுகிற உத்தியோகம் யார் கொடுத்தது?

ஆனால் ஒரே கூரையின் கீழ் ஒருவனுக்குச் சுதந்திரம் கொடுப்பது எப்படி என்று உங்களைப் போன்ற நகரத்தாருக்கு, நாட்டுக்கோட்டைச் செட்டியார்களுக்கு, யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. கல்யாணமானதும் மகனை வேறு வைக்கிறீர்கள். அதே வீடு, அதே வளவு; ஆனால் அவனுக்கு ஒரு அறை, தனி அடுப்பு, தனி வரவு செலவு. கோபித்துக்கொண்டு யாரும் போகவில்லை, பாகம் பிரிக்கவில்லை. இது உன் கணக்கு, நீ பார்த்துக்கொள் என்று நம்பி ஒப்படைக்கிற ஏற்பாடு. எட்டு வயதுக்காரனையும் அவன் அளவுக்குக் கொஞ்சம் வேறு வையுங்கள் என்பதுதான் நான் சொல்ல வந்தது.

எப்படி? பூட்டிக் கிடக்கிற அறைகளில் உங்கள் பங்கில் உள்ள ஒன்றைத் திறந்து, தேள் பூரான் இல்லாமல் பெருக்கி, சாவியை அவனிடம் கொடுங்கள். உள்ளே என்ன வைத்திருக்கிறான் என்று பார்க்கப் போகாதீர்கள். கல்லும் பாட்டில் மூடியும்தான் இருக்கும். வாரத்தில் ஒரு நாள் கையில் ஐம்பது ரூபாய் கொடுத்து, தெருமுனைக் கடையில் பெருங்காயமோ வெல்லமோ வாங்கிவரத் தனியே அனுப்புங்கள். மீதியைக் கணக்குச் சொல்லட்டும். பெட்டியடிப் பையன் பரம்பரைதானே. பின்னாலேயே ஆள் அனுப்பி வேவு பார்க்கக் கூடாது, பிள்ளைக்கு அது எப்படியோ தெரிந்துவிடும். கடைக்காரரிடம் முன்கூட்டியே ஒரு வார்த்தை சொல்லிவைப்பது வேறு, அது உங்கள் மன நிம்மதிக்கு. விடுமுறை நாளில் சாப்பாட்டுக்கு மணியடிக்கும்வரை அவன் நேரம் அவனுடையது என்று விட்டுவிடுங்கள். "போரடிக்குது" என்று வந்து நிற்பான். நிற்கட்டும். போனை மட்டும் நீட்டாதீர்கள்.

எலன் சாண்ட்செட்டர் என்கிற நார்வேக்காரர் பிள்ளைகள் தாமாகத் தேடிப்போகிற ஆபத்து விளையாட்டுகளை 2007ல் வகைப்படுத்தினார். உயரம் ஏறுவது, வேகம், கூர்மையான கருவிகள், நெருப்பும் நீரும், மல்லுக்கட்டு, கடைசியாகப் பெரியவர் கண்ணில் படாமல் தனியே போய்விடுவது. பார்த்தால் எல்லாம் நாம் திட்டுகிற பட்டியல். இவற்றை அளவோடு பழகிய பிள்ளைக்குத் தன் உடம்பால் எது முடியும், எது முடியாது என்று தெரிகிறது. ஒன்றுமே பழகாத பிள்ளைதான் திடீரென்று ஒரு நாள் பெரிதாக எதையாவது செய்து பார்க்கிறது. வேப்பமரத்தில் இரண்டாம் கிளைவரை ஏற விடுங்கள். கீழே நின்று "விழுந்துருவே விழுந்துருவே" என்று சொல்லாதீர்கள்.

மொட்டைமாடி மட்டும் இந்தக் கணக்கில் சேராது. அதில் நான் உங்கள் கட்சி. செட்டிநாட்டு மாடி சென்னை மாடி மாதிரி இல்லை. நாலு பக்கமும் நாட்டு ஓடு வேய்ந்த சரிவு, கால் வைத்தால் ஓடு நழுவும். ஒரு பக்கச் சரிவு நேராக வளவு முற்றத்துக்கு இறங்கும். பல வீட்டில் கைப்பிடிச் சுவர் முழங்கால் உயரம். அதனால் மாடிக்கு ஐயா கூடப் போவது மட்டுமே என்று வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் போங்கள். சாயங்காலம் ஐந்தரை மணிக்குத் தினமும் கால் மணி நேரம் என்று வழக்கமாக்கினால் அடம் தானாகக் குறையும். மாடிக்கதவுத் தாழ்ப்பாள் அவன் கைக்கு எட்டாத உயரத்தில் இருக்கட்டும். இதற்கு இன்னொரு காரணமும் உண்டு. சில பிள்ளைகள் தூக்கத்தில் எழுந்து நடப்பார்கள். அது கனவு நேரத்தில் நடப்பதில்லை, படுத்து முதல் இரண்டு மூன்று மணி நேரத்துக்குள் வருகிற ஆழ்ந்த தூக்கத்தில் நடப்பது, காலையில் நினைவும் இருக்காது. உங்கள் பேரனுக்கு அப்படி இருப்பதாக நீங்கள் எழுதவில்லை. இருந்தாலும் தாழ்ப்பாளுக்குச் செலவு அதிகமில்லை.

அப்புறம், பறக்க முடியாது என்பதை வாயால் சொல்லித் தடுக்காமல் அவனே கண்டுபிடிக்கிற மாதிரி காட்டுங்கள். கைக்குட்டையின் நாலு முனையிலும் நூல் கட்டி, நூல்களைச் சேர்த்து ஒரு கூழாங்கல்லில் முடிந்து, மேல்மாடிச் சன்னலிலிருந்து ஐயா போடட்டும். இன்னொரு கல்லைச் சும்மா போடட்டும். பேரன் கீழே தள்ளி நின்று எண்ணட்டும். ஐந்து மீட்டர் உயரத்திலிருந்து விழுகிற கல் ஒரு நொடியில் தரைக்கு வரும். வரும்போது அதன் வேகம் மணிக்கு ஏறத்தாழ 36 கிலோமீட்டர். "நம்ம தெருவில போற மோட்டார் சைக்கிள் வேகம்ப்பா" என்றால் அவனுக்குப் புரியும். கைக்குட்டை ஒரு சின்னக் கல்லைத் தாங்குகிறது, அப்படியானால் அவனைத் தாங்க எவ்வளவு பெரிய துணி வேண்டும் என்று அவனே கேட்பான். கேட்காவிட்டால் நீங்கள் கேளுங்கள். முதுகில் துண்டைக் கட்டிக்கொண்டு குதிக்கிற யோசனை அத்தோடு போகும்.

மனுஷன் தன் பலத்தாலேயே பறந்த கதையும் அவனுக்குத் தெரிய வேண்டும். 1979 ஜூன் 12ஆம் தேதி பிரையன் ஆலன் என்ற அமெரிக்கர், சைக்கிள் மாதிரி பெடல் மிதித்தே ஒரு விமானத்தை ஓட்டி இங்கிலாந்திலிருந்து பிரான்சுக்குக் கடலைத் தாண்டினார். எஞ்சின் இல்லை. இறக்கையின் நீளம் கிட்டத்தட்ட 30 மீட்டர், விமானத்தின் எடையோ சுமார் 32 கிலோதான். உங்கள் பேரனைவிடக் கொஞ்சம் அதிகம், அவ்வளவுதான். பால் மக்கிரெடி என்பவர் வடிவமைத்தது. கிட்டத்தட்ட மூன்று மணி நேரம் மிதித்திருக்கிறார். இதைச் சொல்லிவிட்டு அவனுக்கு ஒரு சைக்கிள் வாங்கிக் கொடுங்கள் என்றும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். பள்ளத்தூர்த் தெருக்கள் அகலம், போக்குவரத்துக் குறைவு, அதற்கு இதைவிட நல்ல ஊர் கிடையாது.

ஊர்க்கதையும் இருக்கிறது. பக்கத்துக் கோட்டையூரில் 1909ல் பிறந்த அழகப்பச் செட்டியாரைக் கல்லூரி கட்டியவராக எல்லாருக்கும் தெரியும். லண்டனில் இருந்த காலத்தில் அவர் விமானம் ஓட்டக் கற்று லைசென்ஸ் வாங்கியவர். பிறகு ஜூபிடர் ஏர்வேஸ் என்று சொந்தமாக விமானக் கம்பெனியே நடத்தினார். கோட்டையூர்ப் பையன் ஒருவன் பறந்தே காட்டியிருக்கிறான் என்பது உங்கள் பேரனுக்கு எந்த சூப்பர் ஹீரோவைவிடவும் பக்கத்தில் இருக்கிற செய்தி. செட்டிநாடு கால்நடைப் பண்ணை நிலத்தில் இரண்டாம் உலகப் போர்க் காலத்து விமான ஓடுதளம் இன்னும் கிடக்கிறது, வெள்ளைக்காரர் போருக்காகப் போட்டது. அரசு இடம், அனுமதி கேட்டுத்தான் போக வேண்டும். மாடு மேய்கிற இடத்தில் ஒரு காலத்தில் விமானம் இறங்கியது என்று சொன்னால் எட்டு வயதுக்காரன் நம்பமாட்டான். ஐயா சத்தியம் செய்ய வேண்டியிருக்கும்.

பறப்பதற்கு மிக அருகில் உடம்புக்குக் கிடைப்பது நீச்சல். தண்ணீரில் மல்லாந்து மிதக்கும்போது கனவில் நடந்ததே விழித்திருக்கும்போதும் நடக்கிறது, தரை இல்லை, எடை இல்லை. நம் ஊர்களில் குடிதண்ணீர் ஊருணியில் இறங்கக் கூடாது, சரிதான். குளிக்கிற ஊருணியோ, கிணறோ, காரைக்குடியில் நீச்சல் குளமோ பார்த்து, நீந்தத் தெரிந்த பெரியவர் ஒருவர் தண்ணீருக்குள் நிற்க, லாரி ட்யூபில் தொடங்கலாம். ஊருணியும் கண்மாயும் உள்ள ஊரில் நீச்சல் தெரியாத பிள்ளைதான் உண்மையான கவலை. கற்ற பிறகும் தனியே தண்ணீருக்குப் போகக் கூடாது என்பது வீட்டுச் சட்டமாக இருக்கட்டும். சுதந்திரம் கொடுக்கிற வீட்டில் சட்டம் இரண்டு மூன்றுதான் இருக்க வேண்டும், அவை அசையக் கூடாது.

மழைக்காலம் முடிந்ததும் ஒரு ஞாயிற்றுக்கிழமை வேட்டங்குடிப் பறவைகள் சரணாலயத்துக்குக் கூட்டிப்போங்கள். திருப்பத்தூரிலிருந்து மதுரை போகிற சாலைப்பக்கம், கொள்ளுக்குடிப்பட்டிக் கண்மாய். நத்தைகுத்தி நாரை, சங்குவளை நாரை, அரிவாள் மூக்கன் எல்லாம் வந்து கூடு கட்டியிருக்கும். அந்த ஊர்ச் சனங்கள் பறவை மிரளும் என்று தீபாவளிக்குப் பட்டாசு வெடிப்பதில்லை, பிள்ளைகளும்தான். குஞ்சு எப்படிப் பறக்கப் பழகுகிறது என்று அவன் பார்க்கட்டும். குஞ்சு முதலில் கூட்டின் விளிம்பில் நின்று இறக்கையை அடித்து அடித்துப் பார்க்கும், பிறகு பக்கத்துக் கிளை, பிறகுதான் வானம். அங்கே நீங்களும் பார்த்துக்கொள்ளலாம்.

டாக்டரிடம் எப்போது போக வேண்டும் என்று கேட்டிருந்தீர்கள். கனவுக்காக வேண்டாம். ஆனால் யாரோ துரத்துகிறார்கள் என்கிற கனவு திரும்பத் திரும்ப வந்தால், பள்ளிக்கூடம் போகமாட்டேன் என்றால், நின்றுபோன படுக்கை நனைக்கும் வழக்கம் மறுபடி வந்தால், ஒரு குறிப்பிட்ட ஆளைக் கண்டு ஒதுங்கினால், விளையாட்டில் ஆசை போய் மூலையில் உட்கார்ந்தால், "நான் செத்துப் போய்ப் பறந்துருவேன்" என்கிற மாதிரிப் பேச்சு ஒரே ஒரு தடவை வந்தாலும், தள்ளிப்போடாமல் குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள், மனநல ஆலோசகரிடம் அவர் அனுப்புவார். சில பிள்ளைகள் பறக்க ஆசைப்படுவது ஓடித் தப்பிக்கத்தான். பள்ளியிலோ வேனிலோ டியூஷனிலோ யாராவது அடிக்கிறார்களா, தொடக் கூடாத விதத்தில் தொடுகிறார்களா என்று பதறாமல் விசாரியுங்கள். 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணை எந்த நேரமும் கூப்பிடலாம். உங்கள் பேரன் நன்றாகச் சாப்பிடுகிறான், கூட்டாளிகளோடு சண்டை போடுகிறான் என்று எழுதியிருக்கிறீர்கள். சண்டை போடுகிற பிள்ளையைப் பற்றி எனக்குப் பெரும்பாலும் கவலை வருவதில்லை.

தண்ணீர் மந்திரிப்பது பற்றி. ராத்திரி படுக்கும்போது நெற்றியில் திருநீறு பூசிவிடுவதில் ஒரு தப்பும் இல்லை, ஆயா கை நெற்றியில் பட்டால் பிள்ளை நன்றாகத் தூங்கும். மந்திரிக்கிறவரிடம் கூட்டிப்போக வேண்டாம். அங்கே போனால் யாராவது அவன் காதுபடவே 'பையனுக்குக் காத்து கருப்பு அண்டியிருக்கு' என்பார்கள். அதற்குப் பிறகு பறக்கிற கனவு வந்தால் அவன் உங்களிடம் சொல்லமாட்டான்.